யாருக்கும் இல்லாத பெயர்

வந்தவர் தன் பெயரைச் சொன்னதும் போர்டு அக்காவுக்குச் சிரிப்பு வந்துவிட்டது.

"யாரு அனுப்பினாங்க? எங்க வீட்டுக்காரரா?"

"யாரும் அனுப்பலைங்க. நானாத்தான் வந்தேன்."

"சார், அந்தப் பேருல ஆளே கிடையாது."

"நான் இருக்கேனே," என்றார் வந்தவர். கோபமாகச் சொல்லவில்லை. கேட்டதற்குப் பதில் சொன்ன மாதிரிதான் சொன்னார்.

அக்கா சிரித்ததில் தப்பில்லை. பெயர்ப்பலகை செய்யும் அந்தக் கடையில் வெகுகாலமாக ஒரு சட்டம் உண்டு. வாடிக்கையாளரின் பெயரை வீண் தகட்டில் வெட்டிப் பார்க்கக் கூடாது. கடையை ஆரம்பித்த புதிதில் அவளுடைய அப்பா அப்படித்தான் ஒரு வக்கீலின் பெயரைக் கழிவுத் துண்டில் வெட்டிப் பார்த்துவிட்டுத் தூக்கிப் போட்டார். அது பழைய இரும்புக் கடைக்குப் போய், ஆடுகிற தராசுக்கு முட்டுக்கொடுக்கும் தகடாக உட்கார்ந்துகொண்டது. வக்கீல் அதைப் பார்த்துவிட்டார். "என் பேரைத் தராசுக்கு அடியில போட்டியா?" என்று அவர் கடை வாசலில் நின்று கத்தியதைத் தெரு முழுக்கக் கேட்டது. அன்றைக்கு உட்கார்ந்து அப்பா ஒரு பெயரைக் கட்டினார். நீண்டு வளையும் எழுத்து ஒன்று, உள்ளே சுழிந்து மூடும் எழுத்து ஒன்று, கோட்டுக்குக் கீழே வால் இறங்குவது ஒன்று, தலையில் புள்ளி வைத்தது ஒன்று. கைக்குச் சிரமம் கொடுக்கும் எழுத்துகளையெல்லாம் கோத்து, காதுக்குப் பெயர் மாதிரியே ஒலிக்கும்படி செய்தார். முன்னால் ஓர் இனிஷியலும் போட்டார். இனிஷியல் இல்லாவிட்டால் ஜனங்கள் நம்பமாட்டார்களாம். இந்தப் பெயர் சரியாக விழுந்தால் எந்தப் பெயரும் சரியாக விழும். உளியைத் தீட்டினால் அந்தப் பெயர். புதிதாகப் பித்தளை வந்தால் அந்தப் பெயர். பிறகு அக்கா வாங்கிய வெட்டு மெஷினில் ஊசி மாற்றினாலும் அதே பெயர். சுவரில் மாட்டியிருந்த மாதிரிப் பலகைகளில் எல்லாம் அதுதான். அதற்கு அர்த்தமும் கிடையாது, ஆளும் கிடையாது.

"சரி சார், இருக்கட்டும். என்ன போர்டு வேணும்? பித்தளையா, ஸ்டீலா?"

"போர்டு இருக்குங்க வீட்டுல. நல்லாவே இருக்கு." வந்தவர் மேசை மேல் கிடந்த மாதிரித் துண்டை எடுத்து எழுத்துகளின் மேல் கட்டைவிரலை ஓட்டினார். குழந்தையின் தலையைத் தடவுவதுபோல இருந்தது. "எனக்கு ஒண்ணுதான் தெரியணும். எங்க போனாலும் கேக்குறாங்க, வித்தியாசமான பேரா இருக்கே, என்ன அர்த்தம்னு. எனக்குச் சொல்லத் தெரியலை. செஞ்சவங்களைத்தானே கேக்கணும்?"

அக்காவுக்கு இப்போது சிரிப்பு வரவில்லை. "எங்க அப்பா வச்சது. அவருக்கு இப்ப எதுவும் ஞாபகம் இல்லை," என்றாள்.

"அப்ப நீங்க சொல்லுங்க. யோசிச்சுச் சொல்லுங்க. அவசரமில்லை."

அவர் போன பிறகு அவர் முகத்தை நினைத்துப் பார்த்தாள். சட்டை ஞாபகம் இருந்தது. சுத்தமான நகங்கள் ஞாபகம் இருந்தன. கழுத்துக்கு மேலே எதுவும் பிடிபடவில்லை.

கடையின் உள்ளறையில் அப்பா பிரம்பு நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். அவருக்கு மறதி வந்தபோது முதலில் தெருக்காரர்களின் பெயர்கள் போயின. பிறகு மாப்பிள்ளையின் பெயர் போனது. "கல்யாணம் ஆன நாள்லேர்ந்தே மாமா என் பேரை மறக்கத்தான் பாடுபட்டாரு, இப்பதான் பாஸாயிருக்காரு" என்று மாப்பிள்ளையே சொல்லிச் சிரித்தார். பிறகு செத்துப்போன மனைவியின் பெயர் போனது. கடைசியாக மகளின் பெயர். இப்போதெல்லாம் "ஏம்மா" என்பார். சில நாள் "யாரும்மா நீ, வேலைக்கு வந்திருக்கியா?" என்பார். ஆனால் வலது கையின் ஆட்காட்டி விரல் மட்டும் நாற்காலிக் கையின் மேல் அந்த மாதிரிப் பெயரை எழுதிக்கொண்டே இருக்கும். நீள்வளைவு, சுழி, வால், புள்ளி. மறுபடியும் முதலிலிருந்து.

அவளுக்கு இது உறுத்தியது. யாருக்கும் இல்லாத பெயர் அப்பாவின் விரலில் தங்கிவிட்டது. பெற்ற பெண்ணின் பெயர் தங்கவில்லை. அதோடு, அவளைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டுக்கொண்டிருந்த ஒரே ஆள் அப்பாதான். தெருவுக்கு அவள் போர்டு அக்கா. வாடிக்கையாளர்களுக்கு மேடம். கணவருக்கு "இந்தா". அவர் கூப்பிடுவது அவ்வளவுதான். இத்தனை வருஷத்தில் அதைத் தாண்டி ஓர் எழுத்து வந்ததில்லை. அப்பா வாயால் ஒருமுறை பெயரைக் கேட்டுவிட்டால் போதும் என்று அவள் ஏங்கினாள். அதற்காகவே அவர் நாற்காலிக்கு எதிரே, தன் பெயர் பொறித்த பழைய பித்தளைப் பலகை ஒன்றை மாட்டி வைத்திருந்தாள். அவர் தினமும் காலையில் அதைத் தெளிவாக, எழுத்துக் கூட்டாமல் வாசிப்பார். வாசித்துவிட்டு, "யாரு இவங்க?" என்று கேட்பார்.

அந்தப் பலகைக்கு ஒரு கதை உண்டு. கடை திறந்த வாரத்தில் ஒரு மழை நாளில் ஒரு பெண் ஓடிவந்தாள். குடையிலிருந்து தண்ணீர் சொட்டச் சொட்ட நின்று, செருப்பு வார் அறுந்ததற்கு ஊக்குக் குத்திக்கொண்டே தன் பெயரைச் சொன்னாள். சாயந்திரம் வந்து வாங்கிக்கொள்கிறேன் என்றாள். வரவே இல்லை. அப்பா அதைத் துடைத்து மாட்டி வைத்தார். சில மாதங்களில் மகள் பிறந்தாள். என்ன பெயர் வைக்கலாம் என்று கேட்டதற்கு அவர் சுவரைக் காட்டினார். "ஊருல பிள்ளைக்குப் பேரு தேடி அலையோ அலைனு அலையுறாங்க. இந்த மனுஷன் கடையில கிடந்ததை எடுத்து வச்சுட்டாரு" என்று அம்மா சாகும்வரை சொல்லிக் காட்டுவாள்.

சின்ன வயதில் அக்கா ஒருமுறை கேட்டாள்: "அந்த அம்மா வந்து கேட்டா என்னப்பா பண்ணுவீங்க?"

"குடுத்துடுவேன்," என்றார் அப்பா, உளியிலிருந்து கண்ணை எடுக்காமல். "ஒருத்தர் சொல்லி வெட்டின பலகை அவங்களுக்குத்தான். எத்தனை வருஷமானாலும்."

விளையாட்டாகச் சொன்னதுதான். ஆனால் வெகுநாள் வரை மழை பெய்தால் அந்தக் குழந்தை கடைப் பக்கம் போகாது.

மத்தியானம் சாப்பிட வந்த கணவரை அக்கா பிடித்துக்கொண்டாள். பலகை மாட்டும் வேலை அவருடையது. கையில் எப்போதும் துளைபோடும் மெஷின், மீசையில் எப்போதும் சுண்ணாம்புத் தூள்.

"ஏங்க, சுவத்துல இருந்த பெரிய பித்தளை மாதிரிப் பலகை எங்க? இடம் வெளுத்துக் கிடக்கு."

அவர் சோற்றையே பார்த்தார்.

"உங்களைத்தான்."

"அது வந்து... அந்தப் புது அடுக்குமாடி இருக்குல்ல? எல்லாக் கதவுலயும் போர்டு மாட்டிட்டேன், ஒரே ஒரு வீடு மட்டும் விக்கலை. மறுநாள் ஆளுங்க பார்க்க வர்றாங்க, ஒரு கதவு மட்டும் மொட்டையா இருந்தா பல்லு விழுந்த வாய் மாதிரி இருக்குன்னான் மேஸ்திரி. சரி, ரெண்டு நாளைக்குத்தானேன்னு நம்ம மாதிரியை மாட்டினேன். கழட்ட மறந்துட்டேன்."

"மறதி எங்க அப்பாவுக்குத்தான்னு நெனச்சேன். மாப்பிள்ளைக்கும் ஒட்டிக்கிச்சா?"

"வீட்டோட மாப்பிள்ளைன்னா எல்லாத்துலயும் பங்கு உண்டுல்ல," என்றார் அவர். அவளுக்குச் சிரிப்பு வராததைப் பார்த்துவிட்டுத் தட்டை நகர்த்தினார். "சரி வா, இப்பவே போய்க் கழட்டிட்டு வந்துடலாம்."

அந்தக் கதவில் பலகை இருந்தது. யாரோ தினமும் துடைப்பதுபோல மின்னியது. மாட்டும்போது இரண்டு திருகுதான் போட்டதாகக் கணவர் சொன்னார். இப்போது நான்கு மூலையிலும் இருந்தது. கீழே ஒரு ஜோடி செருப்பு, வரிசையாக. உள்ளே குழாயில் தண்ணீர் விழும் சத்தம் கேட்டது, பிறகு நின்றது.

கீழே வந்து காவலாளியைக் கேட்டார்கள்.

"அவரா? தங்கமான மனுஷன். போர்டு மாட்டின மறுநாளே வந்துட்டாரே," என்றார் காவலாளி.

"வீடு விக்கலையேப்பா?" என்றார் கணவர்.

"என்ன சார், கதவுல பேரு இருக்குல்ல? பேரு இருந்தா ஆள் இருக்கும்."

"ஆள் எப்படி இருப்பாரு?" என்று அக்கா கேட்டாள்.

"நல்லா... இப்படி..." காவலாளி கையை உயர்த்தினார், தாழ்த்தினார், தலையைச் சொறிந்தார். "தினம் பார்க்குறேம்மா. முகம் சட்டுனு வரலை."

பலகையைக் கழற்றாமலே திரும்பினார்கள். கடை வாசலுக்கு வந்ததும் கணவர் சொன்னார்: "இந்தா, அந்தாளு மறுபடி வந்தா எதுவும் சொல்லாதே. அர்த்தமே இல்லைன்னு அனுப்பிடு."

அவளும் அப்படித்தான் நினைத்திருந்தாள். ஆனால் மறுநாள் காலை அப்பா எதிரே இருந்த பலகையை வாசித்துவிட்டு, "யாரு இவங்க? உனக்குத் தெரிஞ்சவங்களா?" என்று அவளைக் கேட்டார். ஆமாம்பா, தெரிஞ்சவங்கதான் என்று சொல்லிவிட்டு வெளியே வந்தபோது மேசைக்கு அந்தப் பக்கம் அந்த ஆள் நின்றிருந்தார்.

"யோசிச்சீங்களா?"

அவள் அவரையே பார்த்தாள். இந்த ஆளுக்கு இதுவரை அர்த்தமே இல்லை. எதைச் சொன்னாலும் அதை எடுத்துக்கொள்வார். சட்டை அளவு பார்ப்பதுபோல மாட்டிக்கொண்டு போய்விடுவார். அப்படியென்றால், எதைச் சொன்னாலும் அதுவாகவே ஆகிவிடுவாரோ? இது கோணல் எண்ணம் என்று அவளுக்கே தெரிந்தது. ஆனால் நாக்கு முந்திக்கொண்டது.

"மறந்துபோனதைத் திரும்பக் கொண்டு வர்றவன்," என்றாள். "அதான் உங்க பேருக்கு அர்த்தம்."

அவர் அதை இரண்டு தடவை சொல்லிப் பார்த்தார். தோள்கள் கொஞ்சம் நிமிர்ந்தன. "நல்ல அர்த்தம்ங்க," என்றார். "செய்யக்கூடிய வேலைதான்."

மறுநாள் அப்பா சன்னல் வழியாகத் தெருவைப் பார்த்து, எதிர்வீட்டுத் தையல்காரரைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டார். தையல்காரர் ஊசியோடு ஓடிவந்தார். அவரைத் தொடர்ந்து பால்காரர், பூட்டு ரிப்பேர் செய்பவர் என்று ஒவ்வொருவரின் பெயரும் வந்தது. தெருவே வாசலில் வந்து நின்று தன் பெயரைக் கேட்டுக்கொண்டு போனது. டாக்டர் புது மாத்திரைதான் காரணம் என்றார். சில நாளில் மாப்பிள்ளையின் பெயரும் வந்தது, கூடவே பழைய வசவும் வந்தது. "பழையபடி ஆயிட்டாரு மாமா. நான் கொஞ்ச காலம் நிம்மதியா இருந்தேன்," என்றார் கணவர். குரலில் சந்தோஷம்தான். ஆனால் வாசலில் தினமும் காலையில் அந்த ஆள் வந்து நிற்பதைப் பார்த்ததிலிருந்து அவர் பின்வாசல் வழியாகவே வேலைக்குப் போனார்.

மறந்த வரிசையிலேயேதான் பெயர்கள் திரும்பின. அக்கா அதைக் கவனித்துவிட்டாள். அடுத்தது அம்மா.

அந்தப் பெயர் வந்த அன்று அப்பா பளிச்சென்று விழித்தார். மனைவியை இரண்டு முறை கூப்பிட்டார். பதில் இல்லாததால் மகளிடம் கேட்டார்: "எங்கம்மா போயிட்டா அவ?"

சொல்லித்தான் ஆகவேண்டியிருந்தது. கேட்டதும் அப்பா துண்டை வாயில் அடைத்துக்கொண்டு அழுதார். அன்றைக்குத்தான் செத்த மாதிரி அழுதார். அதை அவர் ஞாபகம் வைத்திருக்கவில்லை. மறுநாளும் கேட்டார், மறுநாளும் அழுதார். பெயர்தான் திரும்பியிருந்தது; சாவு திரும்பவில்லை.

"இந்தா, போதும்," என்றார் கணவர். "அந்தாளை நிறுத்தச் சொல்லு. பெரிய மனுஷன் தினம் தினம் தாலியறுத்தவ மாதிரி அழுறாரு, பார்க்கச் சகிக்கலை."

காலையில் அந்த ஆள் வாசலில் நின்றார். உள்ளே அழுகைச் சத்தம் கேட்டுக்கொண்டிருந்தது.

"அம்மா பேரு வந்திடுச்சு போல," என்றார். "போதுங்களா?"

போதும் என்று சொல்லத்தான் அக்கா வாயைத் திறந்தாள். உள்ளே அப்பாவின் எதிரே மாட்டியிருந்த பலகை அவள் நின்ற இடத்திலிருந்து தெரிந்தது. வெயில் பட்டுப் பெயர் மினுமினுத்தது.

"இன்னும் ஒண்ணு இருக்கு," என்றாள்.

"தெரியும்ங்க," என்றார் அவர். "அதைக் கூட்டிட்டு வர கொஞ்சம் தூரம் போகணும்."

அதைக் கொண்டுவர என்று அவர் சொல்லவில்லை. கூட்டிக்கொண்டு வர என்றுதான் சொன்னார். அவர் தெருமுனை திரும்பிய பிறகுதான் அது அவளுக்கு உறைத்தது.

சில நாள் அவர் வரவில்லை. அப்பா அழுவது குறைந்தது. எதற்கோ காத்திருப்பவர்போல வாசலையே பார்த்தார். ஒரு நாள் முற்பகல், தெரு வெயிலில் காய்ந்து கிடந்த நேரம், அக்கா ஒரு பல் டாக்டரின் பலகைக்கு ஊசி மாற்றிக்கொண்டிருந்தாள். உள்ளறையிலிருந்து அப்பா கூப்பிட்டார்.

அவள் பெயரை. முழுசாக. கடைசி எழுத்தைக் கொஞ்சம் இழுத்து, அவள் பள்ளிக்கூடத்திலிருந்து வரும்போது கூப்பிடுவாரே, அதே இழுப்பு.

ஊசியை அப்படியே போட்டாள். "என்னப்பா!" என்று ஓடினாள்.

அப்பா அவளைப் பார்க்கவில்லை. அவளைத் தாண்டி வாசலைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"உன்னை இல்லம்மா," என்றார். "அவங்களைக் கூப்பிட்டேன்."

வாசலில் ஒரு பெண் நின்றிருந்தாள். அக்காவைவிட வயது குறைவு. கையில் இருந்த குடையிலிருந்து தண்ணீர் சொட்டி, காய்ந்த படியில் கறுப்பாகப் பரவியது. இடது செருப்பின் வாரில் ஓர் ஊக்கு. அவளுக்குப் பின்னால், வழிகாட்டிக்கொண்டு வந்தவராக, அவர்.

"மன்னிச்சுக்குங்க," என்றாள் அந்தப் பெண் மூச்சு வாங்க. "சாயந்திரம் வர்றேன்னுட்டு, கொஞ்சம் நேரமாயிடுச்சு. மறந்தே போயிட்டேன். இவருதான் ஞாபகப்படுத்தினாரு."

"வாம்மா, வா," என்றார் அப்பா. மறுபடியும் அந்தப் பெயரைச் சொன்னார். "வாங்காம போயிட்டியேன்னு துடைச்சுத் துடைச்சு வச்சிருக்கேன்." பிறகு மகள் பக்கம் திரும்பினார். "ஏம்மா, நின்னுட்டே இருக்கியே. அந்தப் போர்டை எடுத்துக் குடு."

"அப்பா, அது என்னோட..."

"சொல்லி வெட்டினவங்க வந்து நிக்கிறாங்க," என்றார் அப்பா. பொறுமையாக, புது வேலையாளுக்குக் கடைச் சட்டத்தைச் சொல்லும் குரலில்.

அவள் திருகுகளைக் கழற்றினாள். பழைய திருகுகள், ஆனால் எண்ணெய் விட்டது மாதிரி வந்தன. அந்தப் பெண் பலகையை வாங்கிப் பெயரை வாசித்தாள். "சரியா இருக்கு," என்றாள். கூட வந்தவர் குடையை வாங்கிப் பிடித்துக்கொள்ள, இருவரும் வெயிலில் இறங்கி நடந்தார்கள். படியில் ஈரம் மட்டும் கொஞ்ச நேரம் இருந்தது.

கணவர் பின்வாசல் வழியாக வந்தபோது அவள் வெறும் சுவரைப் பார்த்தபடி உட்கார்ந்திருந்தாள்.

"இந்தா, என்ன ஆச்சு?"

"ஏங்க, என்னைப் பேரு சொல்லிக் கூப்பிடுங்க."

"இதென்ன புதுசா?" அவருக்கு வெட்கமாகப் போயிற்று. "இத்தனை வயசுக்கு அப்புறமா?"

"ஒரே ஒரு தடவை. கூப்பிடுங்க."

அவள் முகத்தைப் பார்த்துவிட்டு அவர் வாயைத் திறந்தார். நாக்கு மேலண்ணத்தைத் தொட்டது, இறங்கியது. மீசையைத் தடவினார். சுவரில் வெளுத்துக் கிடந்த இடத்தைப் பார்த்தார். "இரு," என்றார். "இரு, நாக்கு நுனியில இருக்கு. சட்டுனு வரலை."

நாற்காலிக் கையின் மேல் அப்பாவின் விரல் அசையாமல் கிடந்தது. எழுதிப் பார்க்க அந்த விரலுக்கும் இப்போது எதுவும் மிச்சமில்லை. அவர் அவளை அன்போடு பார்த்தார்.

"உன் பேரு என்னம்மா?" என்றார்.

அவள் இல்லை என்று தலையை ஆட்டினாள்.

"பேரில்லாம எப்படிம்மா?" என்றார் அப்பா. "அலமாரியைத் திறந்து பாரு. யாராவது வாங்காம போனது கிடக்கும்."

அவள் எழுந்து அலமாரியைத் திறந்தாள்.